1008 ஆண்டுகளை எந்த வரிசையில் எழுதுவது?

தாழக்குடி வாசகன்

எல்டர் ஸ்க்ரோல்ஸ் விளையாட்டுகளின் கற்பனை உலகத்துக்குத் தமிழில் ஒரு காலவரிசை அட்டவணை எழுதிவருகிறேன். ஞாயிற்றுக்கிழமை மாலைகளில் நாகர்கோவிலில் கூடும் எங்கள் சிறிய வாசகர் வட்டத்துக்காகத் தொடங்கிய வேலை. வரிசைக்கு மூன்று கட்டங்கள்: ஆண்டு, நிகழ்வு, சொன்னவர் யார். முதல் யுகம் 1200 வரை தங்குதடையில்லாமல் வந்துவிட்டேன். அங்கே இரண்டு வாரமாக நிற்கிறேன்.

விளையாடாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். அந்த உலகத்தில் காலமே ஒரு தெய்வம். அகாடோஷ் என்று பெயர், டிராகன் வடிவம். நேற்றுக்குப் பிறகு இன்று வருவது அந்தத் தெய்வத்தின் அருளால். அதற்கு ஊறு நேர்ந்தால் காலம் முறிந்துபோகும். ‘டிராகன் முறிவு’ என்பார்கள். இவற்றில் மிகப் பெரியது 1200இல் நடந்தது. மருக்கத்திகள் என்ற தீவிர மதக் கூட்டத்தார், தங்கள் தெய்வத்தில் எல்ஃப் இனத்தின் சாயல் கலந்திருப்பதைப் பொறுக்காமல், அதைப் பிரித்தெடுக்க ஒரு கோபுரத்தில் சடங்கு நடத்தினார்கள். சாயல் பிரியவில்லை, காலம் உடைந்தது. 1008 ஆண்டுகள் எது முன், எது பின் என்பதே இல்லாமல் போயிற்று. 2208இல்தான் நாட்கள் மறுபடி வரிசைக்கு வந்தன.

இந்த 1008 ஆண்டுகளை என் அட்டவணையில் எப்படி எழுதுவது? காலியாக விடுவதா, ஒரே வரியில் முடிப்பதா? அந்த ஆண்டுகளிலும் மனிதர்கள் பிறந்திருக்கிறார்கள், செத்திருக்கிறார்கள். அதனால்தான் கை ஓடவில்லை.

நள்ளிரவு ஆட்டக்காரன்

ஒரே வரி போதும் தம்பி. காலம் முறிவது என்ற இந்த யோசனை எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் குழப்பம் தீர்ந்துவிடும். 1996இல் வந்த டாகர்ஃபால் விளையாட்டுக்குப் பல முடிவுகள். நுமிடியம் என்ற பித்தளைப் பூதத்தை இயக்கும் உரிமையை யாரிடம் கொடுப்பது என்பதுதான் கடைசித் தேர்வு. பேரரசனிடம் கொடுக்கலாம், சிற்றரசர்களிடம் கொடுக்கலாம், ஓர்க்குகள் என்ற இனத்தின் தலைவனிடம் கொடுக்கலாம், தெய்வமாக ஆசைப்படும் பிணமந்திரவாதியிடமும் கொடுக்கலாம். அடுத்து 2002இல் மோரோவிண்ட் வந்தபோது, இவற்றில் எது உண்மையில் நடந்தது என்று சொல்லியாக வேண்டிய கட்டாயம். எழுதியவர்கள் ‘எல்லாமே நடந்தது, காலம் முறிந்திருந்தது’ என்று சொல்லிவிட்டார்கள். கிழிசலை மறைக்கப் போட்ட ஒட்டு அது. ஒட்டுத்துணிக்கு இழை எண்ண வேண்டாம்.

தாழக்குடி வாசகன்

ஒட்டு என்பதை மறுக்கவில்லை அண்ணா. ஆனால் போட்ட விதத்தைப் பாருங்கள். டாகர்ஃபால் முடிவில் வரும் அந்த முறிவு நடந்தது மூன்றாம் யுகம் 417இல். ஒரு வளைகுடாவைச் சுற்றி 44 குட்டி அரசுகள். இரண்டே நாளில் 44, நான்காகிவிட்டது. ஒரே பித்தளைப் பூதம் ஒரே வேளையில் பல போர்க்களங்களில் நடந்திருக்கிறது. பேரரசனுக்கு வேண்டியது கிடைத்தது. ஓர்க்குகளுக்கு ஒரு நாடு கிடைத்தது. மந்திரவாதி தெய்வமானான். ஒன்றுக்கொன்று ஒத்துவராத ஆசைகள் எல்லாம் ஒருசேரப் பலித்துவிட்டன. அரசாங்கம் அதற்கு ‘அமைதியின் அற்புதம்’ என்று பெயர் வைத்தது. இரவில் ஓர் அரசின் குடியாகப் படுத்தவன் காலையில் வேறோர் அரசின் குடியாக எழுந்தான். அவன் பக்கத்திலிருந்து இதை எழுத வேண்டும் என்பதுதான் என் ஆசை.

கல்குளத்துக்காரி

இரவில் ஓர் அரசு, காலையில் ஓர் அரசு என்று படித்ததும் நம் மாவட்டம்தான் நினைவுக்கு வந்தது. 1956 அக்டோபர் 31 இரவு அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் திருவிதாங்கூர்–கொச்சியில் இருந்தன. நவம்பர் 1 காலையில் சென்னை மாநிலத்தின் கன்னியாகுமரி மாவட்டம். வீடு அதே இடத்தில், கிணறு அதே இடத்தில்.

நாடு மாறினால் நாளும் மாறும் என்பதை என் பாட்டியின் வாழ்க்கையில் பார்த்தேன். பாட்டியின் ஜாதகக் குறிப்பு ஒரு பழைய முத்திரைத்தாளின் பின்பக்கத்தில் இருந்தது. வெளிச்சத்தில் பிடித்தால் திருவிதாங்கூரின் சங்கு தெரியும். ‘கொல்லம் 1112, துலாம்’ என்று எழுதியிருக்கும். கொல்லம் ஆண்டு ஆவணி மாதத்தில், அதாவது சிங்கத்தில், பிறக்கிறது. அதனால் ஆகஸ்ட் நடுப்பகுதியிலிருந்து டிசம்பர் வரைக்கும் 824 கூட்ட வேண்டும், ஜனவரியிலிருந்து அடுத்த ஆவணி வரைக்கும் 825 கூட்ட வேண்டும். துலாம் என்றால் நம் ஐப்பசி. ஆக 1936. ஓர் அலுவலகத்தில் அவசரமாக 825ஐக் கூட்டி 1937 என்று பதிந்துவிட்டார்கள். முதியோர் உதவித்தொகை ஓராண்டு தள்ளிப்போயிற்று.

பாட்டிக்குத் தன் வயதில் சந்தேகமே கிடையாது. ‘ஆலயப் பிரவேச விளம்பரம் வந்த மாதம் நான் பிறந்தேன், என் அம்மா சொல்லியிருக்கிறாள்’ என்பார். திருவிதாங்கூர்க் கோயில்களை எல்லாச் சாதி இந்துக்களுக்கும் திறந்துவிட்ட அந்த அரச அறிவிப்பு வெளியானது 1936 நவம்பர் 12; கொல்லம் கணக்கில் 1112 துலாம் 27. ஊரே அறிந்த நாள் பாட்டிக்குச் சாட்சி, ஆனால் தாளில் இருந்த நாள்தான் செல்லுபடியானது. அவர் இறந்தபோது இரண்டு வயதோடு இறந்தார். தாழக்குடித் தம்பி, உங்கள் அட்டவணையில் அந்த 1008 ஆண்டுகளைக் காலியாக விடாதீர்கள்.

நள்ளிரவு ஆட்டக்காரன்

பாட்டி கதை மனத்தைத் தொட்டது அக்கா. ஆனால் 1956ஐ இதோடு சேர்ப்பதை என்னால் ஏற்க முடியாது. அது ஓர் இரவில் தானாக நடந்ததன்று. தமிழ்த் தாலுகாக்களைச் சென்னை மாநிலத்தோடு சேர்க்கக் கேட்டு நடந்த போராட்டத்தில், 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் துப்பாக்கிச் சூடு நடந்தது, ஆட்கள் இறந்தார்கள். எங்கள் வீட்டில் அந்தத் தேதி எல்லோருக்கும் தெரியும். போராடியவர்கள், கேட்டவர்கள், மறுத்தவர்கள் எல்லோருக்கும் பெயரும் நாளும் இருக்கின்றன. விளையாட்டில் வரும் முறிவில் ஒருவர் நினைவும் இன்னொருவர் நினைவோடு ஒத்துவருவதில்லை, நாளும் இல்லை. நடந்ததற்கு நாள் இருப்பதும் இல்லாமல் போவதும் ஒன்றாகாது.

கல்குளத்துக்காரி

நீங்கள் சொல்வது சரிதான். அவசரப்பட்டுவிட்டேன். போராட்டத்தை அற்புதம் என்று அழைத்தால் இறந்தவர்களுக்கு அது அவமரியாதை. இப்போது எனக்கு ஒன்று தெளிவாகிறது. அந்த 44 அரசுகளிலும் போர் நடந்திருக்கிறது. போர்வீரர்கள் செத்திருக்கிறார்கள். ஆனால் போர் தொடங்கிய நாளும் இல்லை, முடிந்த நாளும் இல்லை. அரசுகள் குறைந்ததைவிட இதுதான் எனக்குப் பயங்கரமாகத் தெரிகிறது.

தெப்பக்குளத்துப் பெரியவர்

விளையாட்டு ஒன்றும் எனக்குத் தெரியாது. பேரன் இந்த இழையைக் காட்டினான். கால முறிவு என்றால் எங்கள் ஊருக்கும் குமரிக்கும் நடுவில் ஒன்று நடந்திருக்கிறது, அதைச் சொல்கிறேன்.

சுசீந்திரத்து ஈசன் குமரி அம்மனை மணக்கப் புறப்பட்டார். முகூர்த்தம் நள்ளிரவில். ஆனால் பாணாசுரன் கன்னியின் கையால்தான் சாக வேண்டும், கல்யாணம் நடந்தால் அவன் சாகமாட்டான். நாரதர் சேவலாகிக் கூவினார். வழுக்கம்பாறை வரைக்கும் வந்த மாப்பிள்ளை, விடிந்துவிட்டது, முகூர்த்தம் தவறிவிட்டது என்று திரும்பிவிட்டார். விடியவே இல்லை. இல்லாத ஒரு விடியலுக்குத் தெய்வமே கட்டுப்பட்டது.

நான் இத்தனை வயதில் யோசிப்பது இதைத்தான். அந்த இரவுக்கு இரண்டு கணக்கு இருக்கிறது. வானத்தின் கணக்கில் நள்ளிரவு, வழுக்கம்பாறையின் கணக்கில் விடியல். இரண்டுமே நடந்தன. ஒன்றால் அசுரன் செத்தான், மற்றொன்றால் ஒருத்தி இன்றுவரை கையில் மாலையோடு நிற்கிறாள். கல்யாணத்துக்கு வைத்திருந்த அரிசியும் பருப்பும் சமைக்கப்படாமல் மணலாயின என்பார்கள். சிறுவயதில் அந்தக் கரையில் கை நிறைய அள்ளியிருக்கிறேன். அரிசிக் குறுநொய் போலவே வெளுத்த பரல், நடுநடுவே செம்பருப்பு, கறுப்பு உளுந்து. உள்ளங்கையை விரித்தால் ஈரத்தில் ஒட்டிக்கொண்டு உதிராமல் நிற்கும். காலம் முறிந்த இடத்தில் இப்படி ஏதாவது மிஞ்சியிருக்கும். உங்கள் கதையில் என்ன மிஞ்சியது என்று தேடிப் பாருங்கள் தம்பி.

நள்ளிரவு ஆட்டக்காரன்

சிவப்பு கார்னெட், கறுப்பு இல்மனைட். மணவாளக்குறிச்சியில் பிரித்தெடுக்கிற அதே மணல்தான் ஐயா. கதையைக் குறைத்துச் சொல்லவில்லை. இரண்டும் தெரிந்தால்தான் அந்த மணலை முழுதாகப் பார்த்ததாகும் என்று தோன்றுகிறது.

தாழக்குடி வாசகன்

ஐயா, நீங்கள் கேட்ட மிச்சம் அந்த உலகத்திலும் இருக்கிறது! 2011இல் வந்த ஸ்கைரிமில் ஒரு மலை. அந்த உலகத்தின் மிக உயர்ந்த சிகரம். முற்காலத்தில் மூன்று வீரர்கள் அங்கே நின்று, வெல்ல முடியாத ஒரு டிராகனைக் காலத்துக்கு வெளியே தூக்கி எறிந்தார்கள். அழியவில்லை, பின்வரும் தலைமுறை ஒன்றில் வந்து விழுந்தது. அவர்கள் தங்கள் துன்பத்தைத் தள்ளிவிட்டது பேரப்பிள்ளைகளின் தலையில். எறிந்த இடத்தில் இன்றும் காற்று கிழிந்தபடி இருக்கிறது. ‘காலக் காயம்’ என்று பெயர். பனியில் ஏறிப்போய் அதன் முன்னால் நின்றால், கானல் நெளிவதுபோல எதிரே இருக்கும் பாறை நெளியும். முதல்முறை அதைப் பார்த்தபோது விசைப்பலகையிலிருந்து கையை எடுத்துவிட்டேன்.

நள்ளிரவு ஆட்டக்காரன்

எனக்கு இதில் ஒரு சொந்த வருத்தம் உண்டு, அதைச் சொல்லிவிடுகிறேன். 2009இல் டாகர்ஃபாலை இலவசமாகத் தரவிறக்க விட்டார்கள். அப்போதுதான் விளையாடினேன், மாதக்கணக்கில். கடைசியில் பூதத்தை ஓர்க்குகளுக்குக் கொடுத்தேன். எல்லோராலும் விரட்டப்பட்ட இனம், அவர்களுக்கென்று ஒரு நாடு வேண்டும் என்று மூன்று நாள் யோசித்துச் செய்தது. பிறகுதான் தெரிந்தது, நான் யாருக்குக் கொடுத்திருந்தாலும் எல்லோருக்கும் எல்லாம் கிடைத்திருக்கும் என்று. அப்படியானால் என் மூன்று நாள் யோசனைக்கு என்ன மதிப்பு? எல்லா முடிவும் நடந்தது என்று சொல்வது, எந்த முடிவையும் யாரும் எடுக்கவில்லை என்று சொல்வதற்குச் சமம். நான் இதை ஒட்டு என்று சொல்வது இந்தக் கோபத்தில்தான்.

தெப்பக்குளத்துப் பெரியவர்

தம்பி, உங்கள் கோபம் நியாயம். அரவான் களப்பலியை நினைத்துப் பாருங்கள். அமாவாசையில் பலி கொடுத்தால் வெற்றி என்று சகாதேவனே துரியோதனனுக்கு நாள் குறித்துக் கொடுத்துவிட்டான். கண்ணன் முதல் நாள், சதுர்த்தசியன்றே, ஆற்றங்கரையில் உட்கார்ந்து தர்ப்பணம் செய்யத் தொடங்கினான். இன்றைக்கா அமாவாசை என்று கேட்கச் சூரியனும் சந்திரனும் சேர்ந்து வந்தார்கள். நீங்கள் இருவரும் கூடினால் அதுதானே அமாவாசை என்றான். நாளே முன்னால் வந்துவிட்டது.

நாளை மாற்றினானே தவிர, பலியை மாற்ற முடியவில்லை. அரவான் தன் தலையைக் கொடுத்துத்தான் ஆக வேண்டியிருந்தது. காலத்தைக் கண்ணன் வளைத்தாலும், கொடுப்பவன் கொடுத்தது வளையவில்லை. நீங்கள் மூன்று நாள் யோசித்துக் கொடுத்ததும் அப்படித்தான் என்று எனக்குப் படுகிறது. அந்த ஓர்க்குகளுக்கு நாடு இருக்கிறதல்லவா இன்னும்?

நள்ளிரவு ஆட்டக்காரன்

இருக்கிறது ஐயா. அந்த நான்கில் ஒன்று அவர்களுடையது.

கல்குளத்துக்காரி

நேற்று இரவு தாழக்குடித் தம்பி அனுப்பிய குறிப்புகளைப் படித்தேன். அதில் ஒன்றை யாரும் பேசவில்லையே என்று ஆச்சரியமாக இருக்கிறது. வரிசையே இல்லாத காலத்துக்கு 1008 என்று எண்ணிக்கை சொன்னது யார்? கஜீத் என்ற பூனை மக்கள் சொல்கிறார்கள்: நீங்கள் நிழல்களோடு சண்டை போட்டுக்கொண்டும், உங்கள் தகப்பன்மாரையே பெற்றுக்கொண்டும் இருந்தபோது, எங்கள் தலைவர் நிலவுகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். நிலவுகள் மட்டுமே மாறவில்லை. அந்தக் கணக்கைத்தான் நீங்கள் திருடிக்கொண்டீர்கள் என்று.

பேரரசர்களுக்கும் துறவியருக்கும் முடியாத கணக்கை, எல்லோரும் ஏளனமாகப் பார்த்த ஓர் இனம் வைத்திருந்திருக்கிறது. என் பாட்டி நாள்காட்டி பார்த்து நான் கண்டதில்லை. முற்றத்தில் நின்று வானத்தைப் பார்த்து, நாளை மறுநாள் ஏகாதசி என்பார். தவறியதில்லை.

கடலோடியின் மகள்

மூன்று நாளாக வாசித்துக்கொண்டிருந்தேன். எழுதலாமா என்று யோசித்து இப்போது எழுதுகிறேன்.

கடற்கரையில் நாங்கள் ஏற்கெனவே இரண்டு காலத்தில் வாழ்கிறோம். சின்னமுட்டம் பக்கத்து விசைப்படகுகளுக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடை. குளச்சல், தேங்காய்ப்பட்டணம் பக்கம் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. ஒரே மாவட்டம், ஒரே தொழில், ஓய்வு மட்டும் வேறு வேறு மாதத்தில். இது பழகிவிட்டது. நான் சொல்ல வந்தது வேறு.

என் சித்தப்பா ஆழ்கடல் தொழிலுக்குப் போனவர். 2017 நவம்பர் 30 அன்று ஒக்கிப் புயல் அடித்தபோது அவர்கள் படகு வெகு தொலைவில் இருந்தது. படகும் வரவில்லை, உடலும் வரவில்லை. ஏழு ஆண்டுகள் செய்தி இல்லையென்றால்தான் சட்டம் ஒருவரை இறந்தவராகக் கொள்ளும் என்று யாரோ வந்து விளக்கினார்கள். அந்த வார்த்தை வீட்டில் எப்படி விழுந்தது என்று என்னால் சொல்ல இயலாது.

சித்தி, அவர் துறைமுகத்தைவிட்டுப் புறப்பட்ட நாளில் நினைவுத் திருப்பலி கொடுக்கிறார். அப்பா நவம்பர் 30 அன்று கொடுக்கிறார். ஆச்சி இரண்டுக்கும் வருவார், ஆனால் தன் காணிக்கையைக் கல்லறைத் திருநாளான நவம்பர் 2 அன்றுதான் போடுவார். மூன்று நாளும் எங்களுக்கு உண்மைதான். ஒரு மனிதர் மூன்று முறை இறக்கிறார், ஒரு முறையும் திரும்பி வரவில்லை.

தாத்தாவின் கல்லறைக் கல்லில் சித்தப்பா பெயரையும் வெட்டச் சொன்னோம். கொத்தனார் தேதி கேட்டார். அப்பா முப்பது என்று சொல்ல வாயெடுத்தபோது ஆச்சி தடுத்தார். ‘அது காற்று வந்த நாள். அவன் போன நாள் என்று உனக்கு யார் சொன்னார்கள்?’ என்றார். கொத்தனார் ‘2017’ மட்டும் வெட்டினார். அதற்கு முன்னால் இரண்டு விரல் அகலத்துக்குக் கல்லை வழவழப்பாகத் தேய்த்து விட்டுவிட்டார், பின்னால் தெரியவந்தால் வெட்டிக்கொள்ளலாம் என்று. மழைக்காலத்தில் அந்த இடத்தில் மட்டும் பாசி வேறு மாதிரிப் பிடிக்கிறது. ஆச்சி விரலால் தேய்த்து எடுப்பார்.

விளையாட்டுக்கதையை எழுதியவர்கள் இதையெல்லாம் நினைத்திருக்கமாட்டார்கள். ஆனாலும் நீங்கள் 1008 ஆண்டுகளை ஒரே வரியில் எழுதலாமா என்று பேசியபோது எனக்குக் கல்லின் அந்த வழவழப்புதான் கண்ணில் வந்தது.

தெப்பக்குளத்துப் பெரியவர்

மகளே, உங்கள் ஆச்சிக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

எங்கள் வழக்கத்தில் இறந்தவருக்குத் திதி என்பது ஆங்கிலத் தேதியன்று, நிலவின் நாள். திதி தெரியாதவர்களுக்கு என்ன செய்வது என்று முன்னோரும் யோசித்திருக்கிறார்கள். மகாளய அமாவாசை அதற்காகத்தான். எந்த நாளில் போனார் என்று தெரியாத எல்லோருக்கும் சேர்த்து ஒரு நாள். முக்கடல் கூடும் இடத்தில் அன்றைக்கு இடுப்பளவு நீரில் நிற்பவர்களில் பலர் கையில் பெயர் இருக்கும், நாள் இருக்காது. உங்கள் ஆச்சி நவம்பர் 2ஐத் தேர்ந்தெடுத்ததும் அதே நியாயம்தான் என்று எனக்குத் தோன்றுகிறது. எல்லா ஆன்மாக்களுக்குமான நாளில் தன் மகனையும் சேர்த்துவிட்டார்.

கடலோடியின் மகள்

ஆச்சியிடம் படித்துக் காட்டினேன் ஐயா. நிலவை வைத்துக் கணக்கிட்டவர்கள் கதையையும் சேர்த்துச் சொன்னேன். ‘கடலுக்குப் போகிறவர்களாக இருக்கும்’ என்றார்.

நள்ளிரவு ஆட்டக்காரன்

ஒரே வரி போதும் என்று நான் எழுதியதைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். ஒட்டு என்ற கருத்தில் மாற்றமில்லை, ஆனால் அதன் கீழே இருப்பவர்களை எண்ணத்தான் வேண்டும். அச்சுக்குப் போவதற்கு முன் பிழை பார்க்க ஆள் வேண்டுமென்றால் நான் வருகிறேன் தம்பி.

தாழக்குடி வாசகன்

வாருங்கள் அண்ணா. நேற்று இரவு அந்தப் பக்கத்தை எழுதி முடித்தேன். 1200க்கும் 2208க்கும் நடுவே தனித்தனி வரிசைகளாகவே போட்டிருக்கிறேன். யார் யார் எதை நினைவுகூர்ந்தார்கள் என்பது நிகழ்வுக் கட்டத்தில் வருகிறது. முரண்பட்டாலும் இரண்டையும் எழுதிவிட்டேன். சொன்னவர் கட்டத்தில் பெயர் இருக்கிறது. 1008 என்ற எண்ணுக்கு எதிரே ‘நிலவு பார்த்தவர்கள்’ என்று எழுதினேன். ஆண்டுக் கட்டத்தில் எதுவும் எழுதவில்லை. கோடு மட்டும் போட்டு, இரண்டு விரல் அகலத்துக்கு வெற்றிடம் விட்டிருக்கிறேன்.

கடலோடியின் மகள்

கோட்டைப் பென்சிலால் போடுங்கள்.